பார்லிமென்ட் ஐயாவுக்கு நான் சொன்ன பதில்

எங்கள் வயதுக்காரர் நாலு பேர் இப்போது ஓரிடத்தில் கூடினால் முதலில் பேசுவது கொலஸ்ட்ரோலைப் பற்றி. அடுத்தது முழங்கால். அதுவும் முடிந்தபின் யாராவது ஒருவர் கோப்பியை ஆற்றியபடி, "பத்து வயசிலேயே நாங்கள் எத்தனை கடிதம் வாசிச்சுக் குடுத்திருப்பம், என்ன?" என்று தொடங்குவார். பிறகு சிரிப்புத்தான். வரி அலுவலகத்துக் கடிதத்தை அப்பாவுக்கு வாசித்தது, வைத்தியரிடம் அம்மாவுக்கு எங்கே நோகிறது என்று ஜெர்மன் மொழியில் சொல்லத் தெரியாமல் கையைக் காட்டி விளங்கப்படுத்தியது, வகுப்பு ஆசிரியை எங்களைப் பற்றிச் சொன்ன முறைப்பாட்டை எங்கள் வாயாலேயே புகழ்ச்சியாக மாற்றிப் பெற்றோருக்குச் சொன்னது. நானும் உங்களோடு சேர்ந்து சிரித்திருக்கிறேன். கடைசிக் கதையில் மற்றவர்களைவிடப் பலமாகவே சிரித்திருக்கிறேன்.

என்னிடம் இன்னொரு கதை இருக்கிறது. அதை நான் ஒருபோதும் கோப்பி மேசையில் சொன்னதில்லை. உங்களுக்காகத்தான் எழுதுகிறேன், ஏனென்றால் பெரியவர்களுக்குக் காதாகவும் வாயாகவும் இருந்த பிள்ளைகளுக்குத்தான் இதன் கூடாத்தனம் முழுதாக விளங்கும்.

எனக்கு அப்போது பன்னிரண்டு வயது. ஹனோவரில் உலகக் கண்காட்சி நடந்த கோடை. நகரம் முழுக்கக் கொடியும் விளம்பரமும். டிராமில் ஏறினால் யப்பான்காரரும் பிரேசில்காரரும் வரைபடத்தைத் தலைகீழாகப் பிடித்துக்கொண்டு நிற்பார்கள். எங்கள் வீட்டில் ஒருவரும் கண்காட்சியைப் போய்ப் பார்க்கவில்லை. அப்பாவுக்கு அந்தக் கோடை முழுதும் கண்காட்சி உணவகம் ஒன்றின் பின்பக்கத்தில் கோப்பை கழுவும் வேலை. உலகம் முழுக்க அவருடைய கைக்குள்ளால் கழுவப்பட்டுப் போகிறது என்று சொல்லிக்கொள்வார்.

எங்கள் தமிழ்ப் பூசை நடந்த கத்தோலிக்கக் கோயில் எங்களுடையது அல்ல. காலையில் ஜெர்மன் பூசை, பதினொரு மணிக்குப் போர்த்துக்கேயர், மூன்று மணிக்கு நாங்கள். அவர்கள் பூசை முடிந்து கோயில் முற்றத்தில் சாளை மீனைக் கரியில் வாட்டுவார்கள். நாங்கள் வரும்போது அந்தப் புகை பீடம் வரைக்கும் நிறைந்திருக்கும். அம்மா மூக்கைச் சுளிப்பாள். மன்னார் அன்ரி மட்டும் முற்றத்தில் ஒரு நிமிடம் நின்று ஆழமாக மூச்செடுத்துவிட்டுத்தான் உள்ளே வருவார். அப்பா ஒவ்வொரு ஞாயிறும் அதே பகிடியை விடுவார்: "நானூறு வருசத்துக்கு முந்தி இவங்கள் வந்து எங்களை வேதத்திலை சேர்த்தாங்கள். இப்ப தேடி வந்து நாங்கள் இவங்கடை மீன் புகையைக் குடிக்கிறம்."

மன்னார் அன்ரி எங்கள் கட்டடத்தில் மூன்றாம் மாடியில் தனியாக இருந்தார். நாங்கள் முதலாம் மாடி. கோயிலையும் அதன் கீழே இருந்த மண்டபத்தையும் கழுவித் துடைப்பது அவருடைய வேலை. அவருடைய புருசன் கடலுக்குப் போன படகோடு திரும்பி வரவில்லை. அதன் பிறகு எட்டு வயது மகனைத் தமையனிடம் விட்டுவிட்டு, ஒரு வருசத்தில் கூப்பிட்டுவிடலாம் என்று நம்பி ஜெர்மனிக்கு வந்தவர். ஏழு வருசம் ஆகிவிட்டது. மகனிடமிருந்து கசெட் வரும். கடிதம் எழுதப் பஞ்சி பிடித்த பையன் கசெட்டில் பேசி அனுப்புவான். எங்கள் வீட்டில்தான் ரேப் ரெக்கோடர் நன்றாக வேலை செய்தது, அதனால் எங்கள் குசினியில் இருந்து கேட்பார். ஒரு கசெட்டில் கீச்சுக் குரலாக இருந்தவன், அடுத்ததில் ஆம்பிளைக் குரலில் "அம்மா, சுகமா இருக்கிறியளா" என்றான். அன்ரி ரெக்கோடரை நிறுத்திவிட்டு, "இது ஆர் பிள்ளை?" என்று என்னிடம் கேட்டார். பகிடியாகக் கேட்டார் என்று நினைத்து நான் சிரித்தேன்.

மகனைக் கூப்பிடுகிற விண்ணப்பம், நாங்கள் எல்லோரும் சொல்கிற அந்த அன்ட்ராக், கொழும்புத் தூதரகத்தில் தடங்கி நின்றது. பையன் வருவதற்குத் தகப்பனின் சம்மதக் கடிதம் வேண்டும், அல்லது தகப்பனின் மரணச் சான்றிதழ் வேண்டும் என்றார்கள். கடலோடு போனவர் கையெழுத்துப் போடமாட்டார். உடல் கிடைக்காதவருக்கு அங்கே ஒருவரும் மரணச் சான்றிதழ் எழுதவும் மாட்டார்கள். தகப்பன் கடலோடு போய்விட்டார் என்று பங்குத் தந்தை தந்த கடிதம் ஒன்று இருந்தது. அதை ஏற்கச் சொல்லித் தூதரகத்துக்கு யாராவது பெரிய இடத்திலிருந்து ஒரு வரி எழுதினால் போதும் என்று ஆலோசனை அலுவலகத்தில் ஒரு பெண் சொன்னாள். தை மாதம் பையனுக்குப் பதினாறு முடிகிறது. அதற்குப் பிறகு சட்டம் வேறு, கதவு அநேகமாகச் சாத்தப்பட்டுவிடும் என்றும் சொன்னாள். இவ்வளவையும் அன்ரிக்கு மொழிபெயர்த்தது நான்தான்.

இந்தக் கடதாசிகளை அன்ரி வேறு யாருக்கும் காட்டுவதில்லை. புருசன் கடலில் சாகவில்லை, இந்தியாவில் இன்னொருத்தியோடு இருக்கிறான் என்று எங்கள் ஆட்களில் இரண்டு மூன்று பேர் கதைத்துத் திரிந்தார்கள். அதனால் அவருக்கு வந்த ஒவ்வொரு கடிதமும் பிரிக்காமலே நேரே என்னிடம் வரும். நான் பள்ளியால் வந்து சப்பாத்தைக் கழற்றுமுன் படியில் காலடிச் சத்தம் கேட்கும். "பிள்ளை, சாப்பிட்டிட்டு ஆறுதலா வாசி. அவசரமில்லை" என்பார். அவசரம் முகத்தில் எழுதியிருக்கும்.

அந்த ஆனி மாதம் போர்த்துக்கேயப் பாதர் எங்கள் சபைத் தலைவரிடம் ஒரு செய்தி சொன்னார். ஐரோப்பியப் பாராளுமன்றத்தில் இருக்கும் போர்த்துக்கல் உறுப்பினர் ஒருவர் கண்காட்சிக்கு வருகிறார், அன்று காலை கோயிலுக்கும் வருவார், விரும்பினால் தமிழர்களோடும் நாற்பது நிமிடம் இருப்பார் என்று. அந்த உறுப்பினர் மனுக் குழுவில் இருப்பவர், ஐரோப்பாவின் மூலை முடுக்குகளிலிருந்து சனங்கள் எழுதுகிற முறைப்பாடுகளை வாசிப்பதே அவருடைய வேலை என்றும் பாதர் சொன்னார். அந்த நிமிடமே எங்கள் ஆட்கள் அவருக்குப் பார்லிமென்ட் ஐயா என்று பெயர் வைத்துவிட்டார்கள்.

தலைவர் அங்கிள் எங்கள் வீட்டுக்கு வந்தார். "வரவேற்புரை நீதான் பிள்ளை. அவருக்கு ஜெர்மன் தெரியுமாம். ஒரு பக்கத்திலை அவற்றை வாழ்க்கையைச் சொல்லு. பிறகு மன்னார் அக்கான்ரை விசயத்தை அஞ்சு வசனத்திலை சொல்லி, கடிதத்தைக் கையிலை குடு. விளங்கிச்சே?"

"ஓம் அங்கிள்."

வந்த விருந்தாளியின் வாழ்க்கையை விருந்தாளிக்கே வாசித்துக் காட்டுவது எங்கள் வழக்கம். எங்கே பிறந்தார், என்ன படித்தார், எத்தனை பதவி வகித்தார் என்று அவருக்குத் தெரியாததுபோல அவரை இருத்திவைத்துச் சொல்லுவோம். ஜெர்மன்காரர் இதைக் கண்டால் பேய் அறைந்ததுபோல இருப்பார்கள்.

பாதர் தந்த இரண்டு தாள்களையும், பள்ளி நூலகத்துக் கணினியில் கிடைத்ததையும், முற்றத்தில் மீன் வாட்டிய போர்த்துக்கேயப் பெண்கள் சொன்னதையும் வைத்து நான் அவருடைய கதையை எழுதினேன். வடக்குப் போர்த்துக்கல்லில் மீனவர் கிராமம். தகப்பன் சாளைப் படகில், தாய் மீனைத் தகரத்தில் அடைக்கும் தொழிற்சாலையில். அங்கே அப்போது சர்வாதிகாரம். இருபது வயதில் ஆபிரிக்காவில் சண்டைபிடிக்கப் போ என்று பட்டாளத்துக்குக் கூப்பிட்டார்கள். அவர் போகவில்லை. மலையைக் கால்நடையாகக் கடந்து ஸ்பெயின், அங்கிருந்து லொறியில் மரக்குற்றிகளுக்கிடையே ஒளித்து பிரான்ஸ், கடைசியில் ஹனோவர். எங்கள் ஹனோவர்! டயர் தொழிற்சாலையில் ரப்பர் கலக்கும் வேலை. விடுதியில் ஒரு அறையில் எட்டுப் பேர். அவர் மட்டும் மாலை வகுப்பில் ஜெர்மன் படித்தார், ஆகையால் எட்டுப் பேருக்கும் கடிதம் வாசித்தவர், எழுதினவர் அவர்தான். பிறகு முழு விடுதிக்கும். சர்வாதிகாரம் விழுந்ததும் ஊருக்குப் போய், சட்டம் படித்து, நகரசபை, மாநகரத் தலைவர், லிஸ்பன் பாராளுமன்றம். போர்த்துக்கல் ஐரோப்பியக் கூட்டில் சேர்ந்தபின் ஐரோப்பியப் பாராளுமன்றம். மீன்பிடிக் குழு, மனுக் குழு.

எழுத எழுத எனக்கு அந்த மனிதரில் ஒரு பைத்தியம் பிடித்துவிட்டது. ஒரு பக்கம் மூன்று பக்கமானது. தலைவர் அங்கிள் வாசித்துப் பார்த்துவிட்டு ஒரு வசனத்தைச் சிவப்புப் பேனையால் வெட்டினார்.

"கள்ளமா எல்லை தாண்டினவர் எண்டு எழுதியிருக்கிறாய். வந்த விருந்தாளியை அப்பிடிச் சொல்லலாமே? மரியாதையில்லை."

தலைவர் அங்கிள் குளிரூட்டி லொறி ஒன்றுக்குள் வெங்காய மூட்டைகளோடு ஜெர்மனிக்கு வந்தவர். எங்கள் சபையில் விமானத்தால் நேராக வந்து இறங்கியவர் என்று ஒருவரும் இல்லை.

அதே கிழமை அன்ரியின் கடிதத்தையும் எழுதினேன். எங்கள் குசினியில், மூன்று பின்னேரம். அன்ரி மண்ணிறக் கடித உறை ஒன்றைக் கொண்டுவந்தார். விண்ணப்பப் பிரதி, ஞானஸ்நானப் பத்திரம், பங்குத் தந்தையின் கடிதம், மகன் பள்ளி உடுப்போடு நிற்கும் படம். படத்தின் பின்னால் அவனுடைய பெயரும் பிறந்த திகதியும் அன்ரியின் கையெழுத்தில். உறையை என் கோப்புக்குள், வரவேற்புரைக்குக் கீழே வைத்துக்கொண்டேன். என்னிடமே இருக்கட்டும் என்று அன்ரிதான் சொன்னார்.

இனி நான் உங்களுக்கு ஒரு சின்ன விசயத்தையும் சொல்லவேண்டும். நிகழ்ச்சிக்குப் பத்து நாள் முன் அன்ரியோடு வெளிநாட்டவர் அலுவலகத்துக்குப் போனேன். நாளும் நேரமும் குறித்து டெர்மின் எடுத்துத்தான் போனோம், இரண்டு மணித்தியாலம் காத்திருந்தோம். மேசைக்குப் பின்னால் இருந்தவர் கடதாசியைப் பார்க்காமலே என்னைப் பார்த்துச் சொன்னார்: "நீங்கள் வந்தாலே ஏதாவது கேட்கத்தான் வருவீர்கள், இல்லையா?" அவருக்குப் பக்கத்தில் இருந்த பயிற்சிப் பெண் வாயைப் பொத்திச் சிரித்தாள். அவள் எங்கள் பள்ளியில் படித்த ஒருத்தியின் அக்கா. என் காது சுட்டது. "என்னவாம்?" என்று அன்ரி கேட்டார். "அடுத்த மாசம் வரட்டாம்" என்றேன். வழி முழுக்க, கடதாசிகள் வைத்திருந்த அன்ரியின் பிளாஸ்டிக் பையைப் பார்க்க எனக்கு எரிச்சலாக இருந்தது.

பார்லிமென்ட் ஐயா வந்த ஞாயிறு சரியான வெக்கை. மண்டபத்தில் பன்னீரும் சந்தனமும் ஃபிளோர் கழுவிய எலுமிச்சைத் திரவமும் கலந்த மணம். அன்ரி விடியவே வந்து கழுவியிருந்தார். அம்மாவும் இன்னும் நாலு பெண்களும் மாலை கட்டினார்கள். மல்லிகைக்கு எங்கே போவது? ரோசா வெக்கைக்கு வாடிவிடும் என்று சிவப்புக் கார்னேசனில் கட்டினார்கள், தடித்த மாலை, நடுவில் வெள்ளி நூல்.

நாற்பது நிமிடத்தை எங்கள் ஆட்கள் எப்படிச் செலவழித்தார்கள் என்று உங்களுக்குச் சொல்லித் தெரியவேண்டியதில்லை. குத்துவிளக்கை ஏற்ற ஐந்து பேரைக் கூப்பிட்டார்கள், லைற்றர் வேலை செய்யவில்லை. வரவேற்பு நடனத்துக்குக் கசெட் தப்பான பக்கத்தில் கிடந்தது. தலைவர் அங்கிள் "இரண்டே வார்த்தை" என்று தொடங்கிப் பத்து நிமிடம் பேசினார். ஐயா முன்வரிசையில் கையை முழங்காலில் வைத்து இருந்தார். குள்ளமான, தோள் அகன்ற மனிதர். நெற்றியில் ஒட்டின சந்தனத்தை அவர் துடைக்கவே இல்லை.

நான் ஒலிவாங்கிக்குப் போனபோது பதினைந்து நிமிடம் மிச்சம். ஒரு பக்கத்தோடு நிறுத்தியிருந்தால் அன்ரிக்குப் பத்து நிமிடம். நான் மூன்று பக்கமும் வாசித்தேன். வெட்டின வசனத்தையும் சேர்த்து வாசித்தேன். "சட்டத்துக்குத் தெரியாமல் எல்லையைக் கடந்தார்" என்றபோது அவர் வாய்விட்டுச் சிரித்துக் கை தட்டினார். அந்தக் கைதட்டல் எனக்குத் தலைக்கேறிவிட்டது. விடுதியில் எட்டுப் பேருக்குக் கடிதம் எழுதிய இடத்தில் நிறுத்தி, நிமிர்ந்து, சபையைப் பார்த்தேன். சபைக்கு ஒன்றும் விளங்கவில்லை, ஆனால் எல்லோரும் பெருமையாகப் பார்த்தார்கள்.

வாசித்து முடித்ததும், நான் அன்ரியின் ஐந்து வசனத்தைத் தொடங்குமுன், தலைவர் அங்கிள் மாலையோடு மேடைக்கு வந்துவிட்டார். மாலையைப் போட்டதும் ஐயா குனிந்து பூவைப் பார்த்தார். ஒரு பூவைத் தொட்டார். முகம் மாறிப் போய்விட்டது. கண் கலங்கிக் கைக்குட்டையை எடுத்தார். "பூ ஒத்துக்கொள்ளேல்லைப் போல" என்று பின்னால் ஒரு பெண் சொன்னார். சன்னலைத் திறந்துவிட்டார்கள். என் உரைதான் அவரை அழவைத்தது என்று நான் நினைத்தேன். அவருடைய நாட்டில் சர்வாதிகாரம் விழுந்த நாளில் சனங்கள் சிப்பாய்களின் துவக்குக் குழாய்களில் சொருகியது சிவப்புக் கார்னேசன் என்று பல்கலைக்கழகத்தில் படிக்கும்போதுதான் எனக்குத் தெரியவந்தது. எங்கள் பெண்கள் ஒன்றும் தெரியாமல் அவருடைய இளமையை எடுத்து அவர் கழுத்தில் போட்டிருந்தார்கள்.

குழுப்படத்துக்கு ஆட்களை அடுக்கினார்கள். ஒரே இரைச்சல். அப்பா வீடியோக் கமராவோடு கதிரையில் ஏறி நின்றார். அப்போது ஐயா என் பக்கம் குனிந்தார். தொழிற்சாலைத் தமிழ் என்று ஒன்று இருந்தால் அப்படி, அவரிடம் தொழிற்சாலை ஜெர்மன் இருந்தது, இலக்கணம் பார்க்காத, வெளிச்சமான ஜெர்மன்.

"என் கதையை நீ என்னைவிட நன்றாகச் சொன்னாய். இங்கே இவர்களுக்குக் கடிதம் வாசிப்பது நீதானே?"

நான் தலையாட்டினேன்.

"எனக்குத் தெரியும். பார்த்தவுடன் தெரிந்தது." கதவில் அவருடைய உதவியாளர் மணிக்கூட்டைக் காட்டினார். ஐயா அவரைப் பொறு என்று கையைக் காட்டினார். "சொல்லு. யாருக்காவது என்னிடம் ஒரு காரியம் இருக்கிறதா? எங்கே போனாலும் ஒருவராவது ஒரு கடிதத்தை வைத்துக்கொண்டு நிற்பார். கொடு, நான் கொண்டுபோகிறேன்."

அன்ரி குசினிக் கதவடியில் நின்றார். நல்ல சேலை கட்டியிருந்தார், அதற்கு மேல் கழுவும் ஏப்பிரன். கை ஈரம். எங்களைத்தான் பார்த்துக்கொண்டு நின்றார். கோப்பு என் நெஞ்சோடு அணைத்தபடி, உறை உள்ளே.

எனக்கு மேசைக்குப் பின்னால் இருந்தவரின் குரல் கேட்டது. வந்தாலே கேட்கத்தான் வருவீர்கள். என்னைத் தன்னைப்போல ஒருத்தி என்று நினைக்கிற இந்த மனிதருக்கு முன்னால் நானும் கை நீட்டுகிறவளாக மாறவேண்டுமா? நாங்கள் அப்படிப்பட்ட ஆட்கள் இல்லை என்று அவர் நினைத்துக்கொண்டு போகட்டும். பன்னிரண்டு வயதில் அது எனக்கு ரோசமாகத் தெரிந்தது. இப்போது அதற்கு ஒரே பெயர்தான் இருக்கிறது. அற்பத்தனம்.

"இல்லை," என்றேன். "நாங்கள் உங்களைப் பார்க்கத்தான் விரும்பினோம்."

அவர் கொஞ்சம் ஆச்சரியமாக என்னைப் பார்த்தார். பிறகு என் தலையில் கையை வைத்துவிட்டு நிமிர்ந்தார்.

"என்னவாம் பிள்ளை?" என்று தலைவர் அங்கிள் கேட்டார்.

"எங்கடை நிகழ்ச்சி நல்லாயிருக்காம்."

சபை கைதட்டியது. படம் எடுத்தார்கள். ஐயா வாசலை நோக்கிப் போகும் வழியில் எல்லோருக்கும் கை கொடுத்தார். அன்ரி அவசரமாக ஏப்பிரனில் கையைத் துடைத்துவிட்டு நீட்டினார். கார் போன பிறகு என்னிடம் வந்தார்.

"குடுத்தனியே?"

"ஓம் அன்ரி, குடுத்தனான்."

"என்ன சொன்னவர்?"

"பாக்கிறன் எண்டவர்."

அன்ரி என் இரண்டு கன்னத்தையும் பிடித்துக் கொஞ்சினார். அவருடைய கையில் எலுமிச்சைத் திரவம் மணத்தது. அந்த உறையை ஒரு கிழமை பள்ளிப் பையில் கொண்டு திரிந்தேன். தபாலில் போட்டிருக்கலாம். பாராளுமன்றத்து விலாசம் எனக்குத் தெரியும். போட்டால், ஏன் அன்றைக்கே தரவில்லை என்று ஐயா நினைப்பார் என்று வெட்கம். அடுத்த கிழமை, கட்டடத்துக்குப் பின்னால் பழைய கடதாசி போடுகிற நீலத் தொட்டிக்குள் போட்டுவிட்டேன். பையனின் படத்தையாவது எடுத்து வைத்திருக்கலாம். அதுவும் தோன்றவில்லை.

பிறகு அன்ரி மூன்று தரம் வந்தார். இந்த மூன்று தரத்தையும் நான் வாழ்நாளில் எத்தனை ஆயிரம் தரம் திருப்பிப் போட்டுப் பார்த்திருப்பேன் தெரியுமா?

முதல் தரம் ஆவணியில். "பதில் ஒண்டும் வரேல்லை, என்ன?" என்றார். பாராளுமன்றம் விடுமுறை என்றேன். அது உண்மைதான்.

இரண்டாம் தரம் இலை உதிரும் காலம். "பிள்ளை, இன்னொருக்கா எழுதுவமே? முதல் குடுத்தது எங்கையாவது தவறியிருக்கும். பெரிய ஆக்களெல்லே, கார் மாறி ஏறியிருப்பினம். என்னட்டை எல்லாத்தின்ரை கொப்பியும் இருக்கு."

"ரெண்டு தரம் எழுதினா அவருக்குக் கோவம் வரும் அன்ரி. அவையளுக்கு அது மரியாதையில்லை."

"அப்பிடியே? சரி சரி."

மூன்றாம் தரம் மார்கழியில், நத்தாருக்கு முன். மீன் கட்லெட் பொரித்து ஒரு டப்பா நிறையக் கொண்டுவந்தார். அம்மா வீட்டில் இல்லை. கதவடியிலேயே நின்றார். "உனக்குப் படிப்பு, நேரமில்லை. நான் வேணுமெண்டா வேறை ஆரிட்டையும் எழுதுவிக்கட்டே?" என்று மெதுவாகக் கேட்டார்.

வேறு யாராவது எழுதினால் என் பொய் வெளியே வரும். நான் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டேன். "என்னிலை நம்பிக்கை இல்லையெண்டா ஆரிட்டை வேணுமெண்டாலும் போங்கோ. இனி ஒண்டும் என்னட்டைக் கொண்டு வராதேங்கோ."

"ஐயோ, இல்லைப் பிள்ளை, இல்லை. நான் சும்மா கேட்டனான். நீ சாப்பிடு. சூடா இருக்கேக்கை சாப்பிடு."

நான் சாப்பிட்டேன். டப்பா முழுக்க.

தை மாதம் பையனுக்குப் பதினாறு முடிந்தது. மாசியில் தூதரகத்திலிருந்து மறுப்புக் கடிதம் வந்தது. அதையும் நான்தான் வாசித்தேன்.

பையன் சாகவில்லை. அதைச் சொல்லிவிடுகிறேன். சமாதான காலத்தில் வன்னிக்கு வேலைக்குப் போனவன் சண்டை முடியும்வரை அங்கே அகப்பட்டுக்கொண்டான். ஷெல் விழுந்ததில் இடது காது போனது. முகாமில் ஒரு வருசம். அன்ரி குடியுரிமை எடுத்து, கடவுச்சீட்டு எடுத்து, மன்னாருக்குப் போய் அவனைக் கண்டபோது அவனுக்கு வயது இருபத்தைந்து, மீசை. விமானத்தில் திரும்பி வந்த அன்ரியிடம் அம்மா, "பொடியன் எப்பிடி?" என்று கேட்டாள். "நல்ல மரியாதையான பிள்ளை. ஆரோ பெரியாளோடை கதைக்கிற மாதிரிக் கதைக்கிறான்" என்றார் அன்ரி.

பார்லிமென்ட் ஐயாவின் மிச்ச வாழ்க்கையையும் நான் விடாமல் பின்தொடர்ந்தேன். அவருடைய சொந்தப் பிள்ளைகளுக்குக்கூட அவ்வளவு தெரிந்திருக்குமோ தெரியாது. கட்சித் தலைவரோடு முரண்பட்டது, அதனால் பெரிய பதவி ஒன்று கைநழுவியது, மீன்பிடி அளவுக்காக மூன்று நாள் வாதாடிக் களைத்து ஆசனத்திலேயே தூங்கிப்போய்ப் பத்திரிகையில் படம் வந்தது, அடுத்த தேர்தலில் வேட்பாளர் பட்டியலில் பெயர் இல்லாமல் போனது, ஊருக்குத் திரும்பி மீனவர் பிள்ளைகளுக்கு ஒரு வாசிகசாலை நடத்தியது. வயதான காலத்தில் ஒரு போர்த்துக்கேயப் பத்திரிகைக்குப் பேட்டி கொடுத்திருந்தார். கணினி மொழிபெயர்ப்பில் வாசித்தேன். இவ்வளவு வருச அரசியலில் எதை நினைத்துத் திருப்திப்படுகிறீர்கள் என்று கேட்டிருந்தார்கள். சட்டங்களை மற்றவர்களும் செய்திருப்பார்கள், என் கையில் வந்து சேர்ந்த கடிதம் ஒன்றையும் நான் பதில் இல்லாமல் விட்டதில்லை, என்று சொல்லியிருந்தார். அன்றைக்கு வேலைக்கு விடுப்புச் சொல்லிவிட்டுக் கட்டிலில் படுத்துக்கிடந்தேன்.

போன குளிர்காலத்தில் அவர் இறந்த செய்தி வந்தது. இனிமேல் பொறுக்க ஏலாது என்று தோன்றியது. அன்ரியிடம் போனேன். அதே மூன்றாம் மாடி. முழங்கால் சத்திரசிகிச்சை முடிந்து, காலைக் கதிரையில் நீட்டி வைத்திருந்தார். தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்துவிட்டு நான் எதிரே இருந்து எல்லாவற்றையும் சொன்னேன். ஐயா கேட்டதும் நான் இல்லை என்றதும். நீலத் தொட்டி. கட்லெட் வரைக்கும்.

நான் முடித்ததும் அன்ரி தேத்தண்ணியை ஒரு மிடறு குடித்தார்.

"எனக்குத் தெரியும்," என்றார்.

"என்ன தெரியும்?"

"அவர் போகேக்கை எனக்கு ரெண்டு கையாலையும் கை தந்தவர். அவற்றை கையிலை ஒண்டும் இல்லை. பின்னாலை வந்த பொடியன் மாலையை மட்டும்தான் கொண்டு போனவன். கடிதம் போகேல்லையெண்டு அண்டைக்கே எனக்குத் தெரியும்."

"பிறகு ஏன் அன்ரி என்னைக் கேக்கேல்லை? அடிச்சிருக்கலாம். அம்மாட்டைச் சொல்லியிருக்கலாம்."

"மூண்டு தரம் கேட்டனான் தானே," என்றார் அன்ரி. "அதுக்கு மேலை எப்பிடிக் கேக்கிறது? நீ கோவிச்சுக்கொண்டு வராமல் விட்டா, அடுத்த கடிதத்தை ஆர் எனக்கு வாசிக்கிறது?"

குரலில் கோபம் இல்லை. பால் முடிந்துவிட்டது என்று சொல்வதுபோலச் சொன்னார். நான் அப்போது பன்னிரண்டு வயதுப் பிள்ளை. அந்த மனுசி என்னைக் கண்டு பயந்திருக்கிறார்.